கடைசி மரத்துக்கு முன்னால்

காலையில் காப்பி ஆறுவதற்குள் மூன்று பேராவது எனக்கு வாட்ஸ்அப்பில் நேரம் கேட்டுவிடுவார்கள். ஒருத்தி புது வீட்டில் பால் காய்ச்ச வேண்டும் என்பாள். ஒருவருக்குக் கார் எடுக்க வேண்டும். இன்னொருவர், தமிழ்நாட்டுக் காலண்டரில் போட்டிருக்கும் ராகு காலத்தோடு மலேசியாவுக்காக இரண்டரை மணி நேரத்தைக் கூட்ட வேண்டுமா, அப்படியே எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்பார். நான் ஜோசியக்காரி இல்லை என்று முப்பது வருஷமாகச் சொல்லிப் பார்த்துவிட்டேன். இப்போது சொல்வதில்லை. 'எல்லா நேரமும் நல்ல நேரம்தான் லா' என்று ஒரு வரி தட்டிவிட்டுக் காப்பியை எடுத்துக்கொள்கிறேன். அதையும் பலன் என்று எடுத்துக்கொண்டு கும்பிடும் கைப்படம் அனுப்புகிறார்கள்.

நான் படித்தது வேறு. கெடா மாநிலத்து ரப்பர் தோட்டங்களில் நம் ஆட்கள் நேரத்தை இழுப்பதற்கும் நிறுத்துவதற்கும் சொல்லிவந்த சொற்களைப் பற்றி ஆராய்ச்சி செய்து டாக்டர் பட்டம் வாங்கினேன். நேரங்கட்டு என்பார்கள் அதை. மரத்தில் வெட்டிய பாலை எடுக்கும் வரைக்கும் மழை வராமல் நிற்க ஒரு கட்டு இருந்தது. விடியலுக்கு முன்னால் ஆள் கூப்பிடும் மணியைத் தள்ளிப்போட இன்னொன்று. 'கங்காணி இன்னும் கால் கழுவலை, கழுவின காலைத் துடைக்கலை, துடைச்ச துணி காயலை' என்று அது போய்க்கொண்டே இருக்கும். கேட்கிற நமக்குத்தான் சிரிப்பு. சொன்ன பெண்கள் போர்வைக்குள் கண்ணை மூடிக்கொண்டு, மெனக்கெட்டுத்தான் சொல்லியிருக்கிறார்கள்.

இதைப் படிக்கப் போகிறேன் என்றதும் என் பேராசிரியர், "இது மொழியா, மூடநம்பிக்கையா? எதில் சேர்ப்பது?" என்று கேட்டார். "ரெண்டிலும் சேருங்க சார்" என்றேன். அப்போது எனக்கு அந்த வாய் இருந்தது. ஒரு பழைய மோட்டார் சைக்கிளில், மடியில் கேசட் ரெக்கார்டரைக் கட்டிக்கொண்டு, சுங்கை லாலாங்கிலிருந்து பண்டார் பாரு வரைக்கும் தோட்டம் தோட்டமாகச் சுற்றினேன். நூற்றுச் சொச்சம் கேசட் சேர்ந்தது. தோட்டத்து வாழ்க்கை மேல் ஏக்கம் வந்து போனேன் என்று யாராவது நினைத்தால் அது தப்பு. அங்கே பிறந்து வளர்ந்தவள் நான். கொசுவும் அட்டையும் பொதுக் கக்கூஸும் எனக்கு நன்றாக நினைவிருக்கின்றன. பட்டம் வாங்கினால் திரும்பி வர வேண்டியதில்லை என்பதற்காகத்தான் போனேன்.

பட்டம் வாங்கி, சுங்கை பட்டாணியில் வேலையும் கிடைத்து, வருஷக்கணக்காக ஆசிரியர்களுக்குப் பாடம் நடத்தினேன். ஊருக்கு நான் 'நேரம் கட்டுற டீச்சர்' ஆகிப்போனேன். ஒரு கல்யாணம் நினைவிருக்கிறது. மாப்பிள்ளை வீட்டு பஸ் பண்டார் பாருவிலிருந்து வர வேண்டும், வழியில் டயர் வெடித்துவிட்டது. முகூர்த்தம் முடிய இருபது நிமிஷம். பெண்ணின் மாமா, நான் உட்கார்ந்திருந்த நாற்காலிக்குப் பக்கத்தில் வந்து குனிந்தார்.

"டீச்சர், ஒரு அரை மணி நேரம் கட்டி வையுங்களேன் லா."

"ஐயர்கிட்ட சொல்லுங்க" என்றேன்.

"சொல்லிட்டேன். அவருக்கு அடுத்த கல்யாணம் இருக்காம். முடியாதுன்னுட்டாரு."

நான் எதுவும் செய்யவில்லை. வாழைப்பழத்தைத் தின்றுகொண்டு உட்கார்ந்திருந்தேன். பஸ் எப்படியோ வந்து சேர்ந்துவிட்டது, தாலியும் நேரத்துக்குள் ஏறிவிட்டது. அந்தப் புண்ணியம் என் கணக்கில் விழுந்தது. அன்றிலிருந்து கல்யாணங்களுக்குப் போவதையே குறைத்துக்கொண்டேன்.

கட்டுகளிலேயே பெரியது உயிர்க்கட்டு. சாகக் கிடப்பவரை, வர வேண்டியவர் வந்து சேரும் வரைக்கும் பிடித்து வைக்கும் கட்டு அது. செய்முறை எளிது. வீட்டுக் கடிகாரத்தை நிறுத்த வேண்டும். கட்டுகிறவர் தலைமாட்டில் உட்கார்ந்து, கிடப்பவர் எந்த நிரையில், அதாவது அவருக்கென்று ஒதுக்கிய மர வரிசையில், பால் மரம் வெட்டினாரோ அந்த நிரையை முதல் மரத்திலிருந்து சொல்லிக்கொண்டு போக வேண்டும். ஐந்நூறு மரத்தையும் சொல்ல வேண்டியதில்லை. அடையாள மரங்கள் மட்டும்தான், முப்பதோ நாற்பதோ இருக்கும். எங்கள் வீட்டு நிரை என்றால் இப்படி வரும்: 'புத்து ஓரத்து மரம். காஞ்ச பாலை உரிச்சாச்சு, வெட்டியாச்சு, மங்கை வெச்சாச்சு. அடுத்தது வளைஞ்ச மரம்.' மங்கை என்பது பால் வடியும் கிண்ணம். இப்படியே போய், கடைசி மரத்துக்கு முன்னால் நின்றுவிட வேண்டும். 'கத்தி மழுங்கிப் போச்சு, தீட்டிட்டு வரேன்' என்று சொல்லிவிட்டு மறுபடியும் முதல் மரத்துக்கு வர வேண்டும். கடைசி மரத்தை வெட்டாமல் அன்றைய வேலை முடியாது. வேலை முடியாமல் யாரும் வீட்டுக்குக் கிளம்பவும் முடியாது. அவ்வளவுதான் அதன் சூட்சுமம்.

இதைப் பதினோரு பேரிடம் பதிவு செய்தேன். பதினோரு பேரும் அதே இடத்தில், மழுங்கிய கத்தியோடு நிறுத்திக்கொண்டார்கள். என் ஆய்வேட்டில் இப்படி எழுதினேன்: 'இந்தக் கட்டுக்கு முடிவு கிடையாது. முடிவின்மையே இதன் மந்திரம்.' எழுதிய அன்று அந்த வரியை நாலைந்து முறை சத்தமாகப் படித்துப் பார்த்தேன். பிறகு ஒரு கருத்தரங்கில் படித்தபோது கை தட்டினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது, அதை மறைக்கப் போவதில்லை.

போன வருஷம் என் அண்ணனுக்கு ஈரலில் புற்று என்று தெரிந்தது. கண்டுபிடித்தபோதே முற்றிவிட்டிருந்தது.

அண்ணனைப் பற்றிச் சொல்ல வேண்டும். அப்பா சீக்கிரம் போய்விட்டதால் பதினாலு வயதில் நிரைக்குப் போனவன் அவன். நான் இடைநிலைப்பள்ளியில் படித்தபோது எனக்கு மத்தியான வகுப்பு. காலையில் அவனோடு போய், அவன் வெட்ட வெட்ட, காய்ந்த பாலைப் பொறுக்கிப் பையில் போடுவேன். பதினொரு மணி வாக்கில் பாலெல்லாம் வாளிக்கு வந்துவிடும். தோட்டத்து ஸ்டோரில் பாலை எடை நிறுத்து ஊற்றிய பிறகு வாளியைக் கழுவ வேண்டும். ஒட்டிய பாலைச் சுரண்டிச் சுரண்டிக் கழுவுவது பெரிய ரோதனை. அதை அவன் என்னைச் செய்யவே விட்டதில்லை. "நீ முன்னால போ, பஸ் வந்துடும். நான் வாளியைக் கழுவிட்டு வரேன்" என்பான். தினமும் அதே பேச்சுதான். நானும் ஓடிவிடுவேன். ஒரு நாள்கூடத் திரும்பிப் பார்த்த ஞாபகம் இல்லை.

பின்னால் தோட்டத்தில் பால் மரத்தை எல்லாம் சாய்த்து, எண்ணெய் எடுக்கும் செம்பனை நட்டார்கள். அண்ணன் கையுறைத் தொழிற்சாலைக்குப் போனான், அதன் பிறகு ஒரு கிடங்கில் காவல் வேலை. பீடோங் பக்கத்தில் ஒரு தாமான் குடியிருப்பில் சின்ன வீடு. ஒரே மகள். அவளை ஆஸ்திரேலியாவுக்குப் படிக்க அனுப்பினான். அவள் அங்கேயே வேலை பார்த்து, அங்கேயே ஒருவரைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டு, அப்புறம்தான் போன் போட்டுச் சொன்னாள். அண்ணனுக்குக் கோபம் மண்டையில் ஏறிவிட்டது. "எனக்கு மகளே இல்லை" என்று சொல்லிப் போனை வைத்தான். மூன்று வருஷம் இரண்டு பேரும் பேசவில்லை. வீம்பில் அப்பனுக்குத் தப்பாமல் பிறந்திருந்தாள். அண்ணி மட்டும் குளியலறைக் குழாயைத் திறந்து விட்டுக்கொண்டு மகளோடு பேசுவார்.

இனிச் செய்வதற்கு ஒன்றுமில்லை என்று ஆஸ்பத்திரியில் சொல்லி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். முன் அறையில் கட்டிலைப் போட்டோம். மறுநாள் வீட்டுக்கு வந்து பார்த்த டாக்டர், நாளை தாண்டுவது சந்தேகம் என்றார். அவர் போன பிறகு அண்ணன் கண்ணைத் திறக்காமலே கேட்டான்.

"அவ வருவாளா?"

அண்ணி சொன்னதுமே மகள் வருவதாகச் சொல்லிவிட்டாள், ஆனால் இரண்டு நாள் கழித்துத்தான் டிக்கெட் கிடைத்திருந்தது. இரண்டு இடத்தில் விமானம் மாறி, பினாங்கில் இறங்கி, வீடு வந்து சேர இன்னும் மூன்று நாள் ஆகும். அண்ணி அதை அவனிடம் சொன்னார். அவன் விரல்கள் போர்வை மேல் ஒவ்வொன்றாக மடங்கின. கணக்குப் போட்டுப் பார்க்கிறான் என்று எனக்குத் தெரிந்தது.

அண்ணி என்னைச் சமையலறைக்குக் கூட்டிக்கொண்டு போனார். அவர்கூட என்னை டீச்சர் என்றுதான் கூப்பிடுவார்.

"டீச்சர், அவரைக் கட்டி வையுங்க. அவ வர்ற வரைக்கும் போதும்."

"அண்ணி, அது ஆராய்ச்சி. மருந்து இல்லை."

"மருந்துதான் முடிஞ்சு போச்சே டீச்சர்."

நான் முன் அறைக்கு வந்தபோது சுவர்க் கடிகாரம் மூன்றே காலில் நின்றிருந்தது. டாக்டர் காரில் ஏறியதுமே அண்ணி ஸ்டூல் போட்டு ஏறி பேட்டரியைக் கழற்றியிருக்கிறார். என்னைக் கேட்பதற்கு முன்னாலேயே.

எனக்கு நம்பிக்கை இருந்ததா என்று கேட்டால், இல்லை. களைப்புதான் இருந்தது. ஊருக்கெல்லாம் முடியாது என்று சொல்லிப் பழகிய எனக்கு அண்ணியிடம் அதைச் சொல்ல வரவில்லை. தலைமாட்டில் நாற்காலியைப் போட்டேன். ஆய்வேட்டில் இருபது பக்கம் எழுதிய விஷயத்தை வாயால் சொல்ல வெட்கமாக இருந்தது.

"புத்து ஓரத்து மரம். காஞ்ச பாலை உரிச்சாச்சு, வெட்டியாச்சு, மங்கை வெச்சாச்சு. அடுத்தது வளைஞ்ச மரம்..."

அண்ணன் கண்ணைத் திறந்தான்.

"என்னைக் கட்டுறியா?"

"ஆமாண்ணே."

"கட்டு" என்று சொல்லிவிட்டு மறுபடி மூடிக்கொண்டான்.

நான் தொடர்ந்தேன். நாற்பத்தைந்து வருஷத்துக்கு முந்திய நிரை அது. இப்போது அந்த இடத்தில் செம்பனைகூட இல்லை, வீடுகள் வந்துவிட்டன. ஆனால் சொல்லச் சொல்ல வந்தது. கால்வாய் தாண்டிய மரம். இடி விழுந்து ஒரு பக்கம் கருகிய மரம். ரெட்டை மரம்.

"அதுக்கு முன்னாடி தேன்கூட்டு மரம்" என்றான் அண்ணன். குரல் உள்ளுக்குள்தான் கேட்டது. "ஒழுங்கா சொல்லு."

தேன்கூட்டு மரத்துக்குத் திரும்பினேன். ஒரு நிரைக்கு இருபது நிமிஷம் ஆனது. கடைசி மரம் எங்கள் நிரையில் பெரிய பாறைக்குப் பக்கத்தில் நிற்கும். அதற்கு முந்தியது பட்டை உரிந்த கிழ மரம். கிழ மரத்தை வெட்டி முடித்ததும், கத்தி மழுங்கிப் போச்சு, தீட்டிட்டு வரேன் என்று சொல்லி, தண்ணீர் குடித்துவிட்டு, புத்து ஓரத்திலிருந்து ஆரம்பித்தேன். எத்தனை சுற்று என்று எண்ணவில்லை. நான் சாப்பிடப் போகும்போதும் படுக்கப் போகும்போதும் அண்ணி உட்கார்ந்து வேறு கதை பேசிக்கொண்டிருப்பார். டாக்டர் சொன்ன நாள் தாண்டியது. அதற்கடுத்த நாளும் தாண்டியது.

மூன்றாம் நாள் மத்தியானம் மகள் வந்தாள். செருப்பைக்கூடக் கழற்றாமல் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். அண்ணன் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தான்.

"சாப்பிட்டியா?" என்றான்.

அவள் தரையில் உட்கார்ந்து அவன் கையில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதாள். மூன்று வருஷத்துச் சண்டை அதோடு முடிந்தது. எனக்கும் அழுகை வந்தது. சொல்ல வெட்கமாக இருந்தாலும் சொல்கிறேன், அந்த நேரத்தில் என் ஆராய்ச்சி பலித்துவிட்டது என்று ஒரு நிமிஷம் சந்தோஷப்பட்டேன்.

அண்ணன் அன்று போகவில்லை. அடுத்த நாளும் போகவில்லை. 'சாப்பிட்டியா'வுக்குப் பிறகு அவன் பேசவும் இல்லை. தண்ணீர் இறங்கவில்லை. முதுகில் புண் வந்தது. புரட்டிப் படுக்க வைக்கும்போது தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வரும், அதைக் கேட்க முடியாமல் மகள் வாசலுக்குப் போய்விடுவாள். வலிக்குத் தோலில் மருந்து ஒட்டுப் போட வந்த நர்ஸ், நெஞ்சு நல்ல பலமாக இருக்கிறது, இப்படியே எத்தனை நாள் என்று சொல்ல முடியாது என்றார். வலி குறைய எவ்வளவு கொடுக்க முடியுமோ அவ்வளவும் கொடுத்தார்கள். நாலு நாள் இப்படிப் போனது.

ஐந்தாம் நாள் காலை அண்ணி என் முன்னால் வந்து நின்றார். அழவில்லை, அழுகையெல்லாம் வற்றியிருந்தது.

"அவுத்து விடுங்க டீச்சர்."

"அண்ணி..."

"நான்தான் கட்டச் சொன்னேன். இல்லைங்கலை. அவ வந்துட்டா, பார்த்துட்டாரு. இனி எதுக்கு அவரைப் போட்டு வதைக்கணும்? அவுத்து விடுங்க."

"அதுக்கு அவிழ்ப்பு கிடையாது அண்ணி. முடிவே இல்லாத கட்டு அது. நானே எழுதியிருக்கேன்."

சொன்ன பிறகுதான் நான் சொன்னது என் காதில் விழுந்தது. கட்டு என்றே ஒன்று இல்லை, நோய் அதன் போக்கில் போகிறது என்று சொல்லியிருக்க வேண்டும். படித்தவள் அதைத்தான் சொல்லியிருப்பாள். நான் அவிழ்க்க முடியாது என்றேன். வாசலில் நின்ற அண்ணன் மகள் திரும்பி என்னைப் பார்த்தாள். கார் சாவியை எடுத்துக்கொண்டு வெளியே வந்தேன்.

கேசட்டுகளை எல்லாம் எப்போதோ கணினிக்கு மாற்றி வைத்திருந்தேன். உயிர்க்கட்டுப் பதிவுகள் என் போனில் இருந்தன. காரில் உட்கார்ந்து, கண்ணாடியை ஏற்றிவிட்டு, ஒவ்வொன்றின் கடைசிப் பகுதியையும் கேட்டேன். பல வருஷமாக நான் எழுத்தில் இருந்ததைத்தான் படித்துவந்தேன், குரலைக் கேட்கவில்லை. சுங்கை லாலாங் பக்கத்துத் தோட்டத்தில் ஒரு பெரியம்மாவிடம் எடுத்த பதிவு வந்தது. 'கத்தி மழுங்கிப் போச்சு, தீட்டிட்டு வரேன்' என்கிறார். உடனே உள்ளே எங்கேயோ ஒரு ஆண் இருமுகிற சத்தம். நீளமான இருமல். 'போதும்மா, அதை நிறுத்து' என்று பெரியம்மா அவசரமாகச் சொல்கிறார். என் ஆய்வேட்டில் அந்த இடத்தில் 'பதிவு முடிந்தது' என்று மட்டும் போட்டிருந்தேன்.

அந்தப் பெரியம்மா உயிரோடு இருக்கிறார் என்று தெரியும். கோலா கெடாவில் மகள் வீட்டில் இருக்கிறார். மருமகன் லங்காவி படகுத்துறையில் வேலை செய்கிறார். ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓட்டிக்கொண்டு போனேன். மீன் சந்தைக்குப் பின்னால் வீடு. பெரியம்மா தரையில் உட்கார்ந்து ஒரு தட்டு நெத்திலிக்குத் தலை கிள்ளிக்கொண்டிருந்தார். எண்பதைத் தாண்டிவிட்டவர், என்னை உடனே அடையாளம் கண்டுகொண்டார்.

"மெஷின் தூக்கிக்கிட்டு வந்த பொண்ணுதானே? இப்ப என்ன, தலையெல்லாம் நரைச்சுப் போச்சு?"

நடந்ததைச் சொன்னேன். சொல்லி முடிக்கும் வரை அவர் கை நிற்கவில்லை.

"கட்டிட்டு அவுக்கலையா?" என்றார். "அடிப்பாவி. ஆளு வந்த பிறகும் அவரை நிரையிலேயே நிக்க வெச்சிருக்கியா?"

"அவிழ்க்கணும்னு எனக்குத் தெரியாது பெரியம்மா."

"அது என்ன தெரியாது? கடைசி மரத்தை வெட்டணும். பாலை எடுக்கணும், ஸ்டோருக்குக் கொண்டுபோய் நிறுக்கணும், ஊத்தணும். அப்புறம் வீட்டுக்கு அனுப்பணும். வேலைக்குக் கூட்டிட்டுப் போனா வீட்டுக்கு அனுப்ப வேண்டாமா?"

"பதினோரு பேர்கிட்ட கேட்டேன். ஒருத்தர்கூட இதைச் சொல்லலையே. நீங்களும் சொல்லலை."

அப்போதுதான் அவர் நெத்திலியைக் கீழே வைத்தார்.

"எப்படிம்மா சொல்லுவோம்? எங்க வீட்டுக்காரர் அப்ப உள்ளே சீக்கா படுத்திருந்தாரு. நீ மெஷினைப் போட்டுக்கிட்டு உக்காந்திருக்கே. கடைசி மரத்தைச் சொன்னா அது அவரைக் கூட்டிட்டுப் போயிடும்ல? சாகக் கிடக்கிற ஆளு இல்லாத வீட்டுல அதைச் சொல்லுவாங்களா யாராவது? நீ படிக்கிற பொண்ணு, ஏதோ கேக்கிறே, மனசு நோகக்கூடாதுன்னு பாதி வரைக்கும் சொன்னோம்."

எனக்குக் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை. உயிரோடு இருக்கிறவர்களின் முற்றத்தில் உட்கார்ந்து மரணத்துக்கான சொல்லைக் கேட்டிருக்கிறேன். அவர்கள் மரியாதைக்குப் பாதி சொல்லியிருக்கிறார்கள். அந்தப் பாதியை முழுசு என்று எழுதிக் கைதட்டல் வாங்கியிருக்கிறேன். தோட்டத்தில் பிறந்த எனக்கே இது தெரிந்திருக்க வேண்டும். எங்கள் வீட்டில் விளக்கு வைத்த நேரத்தில் பாம்பு என்று சொல்லவே விடமாட்டார்கள். அப்படி வளர்ந்தவள், பதினோரு வீட்டில் எதைச் சொல்லக் கேட்கிறோம் என்று ஒரு நிமிஷம் யோசிக்கவில்லை.

"யார் அவிழ்க்கணும் பெரியம்மா? நீங்க வர முடியுமா?"

"நான் எதுக்கு? கட்டினவங்கதான் அவுக்கணும். ஒண்ணு ஞாபகம் வெச்சுக்க. ரெண்டு பேரும் சேர்ந்து கிளம்பக்கூடாது. நீ பின்தங்கிடணும், அவரை முன்னால அனுப்பிடணும்."

"என்ன சொல்லி அனுப்பணும்?"

"அது வீட்டுக்கு வீடு வேற. உங்க அண்ணனை நீ எப்படி அனுப்புவியோ அப்படிச் சொல்லு."

ஒரு பொட்டலம் நெத்திலியைக் கையில் திணித்து அனுப்பினார். திரும்பி வரும் வழியெல்லாம் யோசித்தேன். நான் அண்ணனை எங்கேயும் அனுப்பியதே இல்லை. என்னைத்தான் அவன் அனுப்பியிருக்கிறான், பள்ளிக்கு, கோலாலம்பூருக்கு, பட்டமளிப்புக்கு. என் நினைவில் அவன் எப்போதும் வாளியோடு பின்னால் நின்றுகொண்டுதான் இருக்கிறான்.

மறுநாள் காலை பத்து மணிக்கு உட்கார்ந்தேன். அண்ணி கால்மாட்டில் இருந்தார். மகள் ஒரு கையைப் பிடித்துக்கொண்டாள். நர்ஸ் வந்து மருந்து ஒட்டை மாற்றிவிட்டுப் போயிருந்தார். வெளியே பக்கத்து வீட்டுக்காரர் கார் கழுவிக்கொண்டிருந்தார், அவர் வானொலியைக் கொஞ்சம் குறைக்கச் சொல்லி மகள் முன்னமே போய்க் கேட்டுவிட்டு வந்திருந்தாள்.

இந்த முறை வெட்கம் இல்லை. மெதுவாகச் சொன்னேன். புத்து ஓரத்து மரம், வளைந்த மரம், தேன்கூட்டு மரத்தை மறக்கவில்லை. கிழ மரத்துக்கு வந்தேன். பழக்கத்தில் கத்தி என்று வாய் ஆரம்பித்துவிட்டது. நிறுத்திக்கொண்டேன். அண்ணி என்னைப் பார்த்தார். எனக்கு அந்த அடுத்த மரத்தைச் சொல்ல மனசு வரவில்லை. மந்திரத்தில் நம்பிக்கை இல்லாதவளுக்கு ஏன் அப்படி இருக்க வேண்டும்? அவன் போகக்கூடாது என்று இருந்தது. அவ்வளவு வதையைப் பார்த்த பிறகும், இன்னொரு நாள் இருக்கட்டுமே என்றுதான் இருந்தது.

"பாறை ஓரத்து மரம்" என்றேன். "கடைசி மரம்ணே. காஞ்ச பாலை உரிச்சாச்சு. வெட்டியாச்சு. மங்கை வெச்சாச்சு."

பிறகு தடுமாறாமல் வந்தது. பாலை எடுத்தாச்சு. வாளி நிறைஞ்சாச்சு. ஸ்டோருக்கு வந்தாச்சு. நிறுத்தாச்சு, ஊத்தியாச்சு. அதற்கு மேல் பெரியம்மா சொல்லித் தரவில்லை. அண்ணன் காதுக்குப் பக்கத்தில் குனிந்தேன்.

"அண்ணே, நீ முன்னால போ. வாளியை நான் கழுவிட்டு வரேன்."

அவன் முகத்தில் எதுவும் மாறவில்லை. மாறியது என்று எழுதினால் படிக்க நன்றாக இருக்கும், ஆனால் மாறவில்லை. மூச்சு அதே மாதிரி இழுத்துக்கொண்டிருந்தது. மத்தியானம், அண்ணி அவன் உதட்டை ஈரத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தபோது, நின்றது. டாக்டரைக் கேட்டால் எப்படியும் அந்த நாளில் போகவேண்டிய உயிர் என்பார். நானும் மறுக்க மாட்டேன். மகள் எழுந்து போய்க் கடிகாரத்துக்கு பேட்டரியைப் போட்டாள். அது மூன்றே காலிலிருந்து ஓட ஆரம்பித்தது, யாரும் முள்ளைத் திருத்தவில்லை.

ஆய்வேட்டில் அந்த வரி இன்னும் அப்படியேதான் இருக்கிறது. போன மாதம்கூட ஒரு மாணவி, 'முடிவின்மையே இதன் மந்திரம்' என்பதை மேற்கோள் காட்டலாமா என்று கேட்டு எழுதியிருந்தாள். வேண்டாம், அது தப்பு என்று பதில் போட்டேன். சரி எது என்று கேட்டாள். அதற்கு இன்னும் பதில் எழுதவில்லை.

அன்று ஆட்கள் வரத் தொடங்கியதும் நான் பின்பக்கம் போனேன். அண்ணன் உடம்பைத் துடைக்க வைத்திருந்த நீல நிறப் பிளாஸ்டிக் வாளி குழாயடியில் கிடந்தது. உட்கார்ந்து அதைக் கழுவினேன். சோப்பு போட்டு, தேங்காய் நாரால் தேய்த்து, உள்ளேயும் வெளியேயும் கழுவினேன். அழுக்கு ஒன்றும் இல்லை அதில். அண்ணி இரண்டு முறை வந்து, போதும் டீச்சர், எல்லாரும் உங்களைத் தேடுறாங்க, வாங்க என்று கூப்பிட்டார். நீங்க முன்னால போங்க அண்ணி, வந்துடுறேன் என்றேன். அப்புறமும் கழுவிக்கொண்டிருந்தேன்.